கடிச்ச நாய்க்கும் ஒரு டாக்டர் தேவை

நாய்க்கடின்னு வர்றவங்களுக்கு ஊசி எழுதும்போதே ஒண்ணு கேட்பேன்: "கடிக்கிறதுக்கு முன்னாடி அதை எங்க தொட்டீங்க?"

ஏழு வருஷமா சாதுவா இருந்த வீட்டு நாய், காதைத் தடவின பையனைக் கடிச்சிடுச்சு. "புத்தி கெட்டுப்போச்சு டாக்டர், எங்கயாவது விட்டுடப் போறோம்"ங்கிறார் அப்பா. ரெண்டு வாரமா தலையை உதறிக்கிட்டே இருந்ததாம். கால்நடை மருத்துவர் பார்த்தா, காதுக்குள்ள சீழ்!

வாந்தி, காய்ச்சல்னா தூக்கிட்டு ஓடுறோம். உறுமல், ஒளிஞ்சுக்கிறதுன்னா திமிர்னு அடிக்கிறோம். அதுவும் நோய்க்குறிதாங்க. பயிற்சியாளரைத் தேடுறதுக்கு முன்னாடி உடம்பைக் காட்டுங்க.

குணம் மாறினா ரேபிஸாவும் இருக்கலாம். கடிபட்ட இடத்தைச் சோப்பு போட்டு ஓடுற தண்ணியில 15 நிமிஷம் கழுவுங்க, அன்னிக்கே ஊசி போடுங்க. நாயை மட்டும் துரத்திடாதீங்க. துரத்திட்டா, 10 நாள் கண்காணிக்க எதைத் தேடிப் போவீங்க?