பத்தில் ஒன்று எங்கே முடியும்?

செல்போன் கால்குலேட்டரில் 1-ஐ 4-ஆல் வகுத்தால் 0.25. எட்டால் வகுத்தால் 0.125. கணக்கு அங்கேயே நின்றுவிடும். மூன்றால் வகுத்தால் 0.333... என்று திரை முடியும்வரை ஓடும். ஏழால் வகுத்தால் 142857 என்ற ஆறு இலக்கங்கள் வரிசை மாறாமல் திரும்பத் திரும்ப வரும். நிற்பது முடிவுறு தசமம். ஓடுவது சுழல் தசமம்.

எது நிற்கும், எது ஓடும் என்று வகுக்காமலே சொல்லிவிடலாம். பின்னத்தைச் சுருக்கிக்கொண்டு, கீழே இருக்கும் எண்ணைப் பகா எண்களாக உடைக்க வேண்டும். 2, 5 தவிர வேறு எதுவும் இல்லையா? நிற்கும். வேறு ஒன்றே ஒன்று இருந்தாலும் ஓடும். 3/40 நிற்கும், 40 என்பது 2×2×2×5. 3/15? பதினைந்தில் 3 இருக்கிறதே என்று அவசரப்படக் கூடாது. சுருக்கினால் 1/5, அதாவது 0.2. சுருக்க மறந்தவர்கள் மாட்டிக்கொள்ளும் இடம் இதுதான். அந்தக்காலத் தமிழ்க் கணக்கின் முந்திரி, 1/320, அதுவும் நிற்கும்: 0.003125.

ஏன் 2-ம் 5-ம் மட்டும்? நாம் பத்துப் பத்தாக எண்ணுகிறோம். பத்து என்பது 2×5. எண்ணும் முறை மாறினால் விதியும் மாறும். கணினி இரண்டிரண்டாக எண்ணுகிறது. அதற்கு ஐந்து அந்நியம். அதனால் நமக்கு 0.1 என்று சட்டென முடிகிற பத்தில் ஒன்று, கணினிக்கு 0.000110011001100... என்று முடிவில்லாமல் சுழலும். எங்கோ ஓரிடத்தில் வெட்டித்தான் ஆக வேண்டும்.

1991 பிப்ரவரி 25, வளைகுடாப் போர். சவுதி அரேபியாவின் தஹ்ரான் நகரில் அமெரிக்காவின் பேட்ரியாட் ஏவுகணைத் தடுப்பு அமைப்பு நூறு மணி நேரத்துக்கு மேல் நிறுத்தாமல் ஓடிக்கொண்டிருந்தது. அதன் கடிகாரம் பத்தில் ஒரு விநாடிகளாக எண்ணும். அதை விநாடியாக்க 0.1-ஆல் பெருக்க வேண்டும். அந்த 0.1-ஐ எழுத இருந்த இடம் 24 பிட். மிச்சம் வெட்டப்பட்டது. ஒவ்வொரு எண்ணிக்கைக்கும் விடுபட்டது, விநாடியில் ஒரு கோடியில் ஒரு பங்குகூட இல்லை. ஆனால் நூறு மணி நேரத்தில் அப்படி 36 லட்சம் எண்ணிக்கை. சேர்ந்தது 0.34 விநாடி.

ஈராக்கின் ஸ்கட் ஏவுகணை விநாடிக்கு ஒன்றரைக் கிலோமீட்டருக்கும் மேல் பாயும். 0.34 விநாடியில் அரை கிலோமீட்டரைத் தாண்டிவிடும். பேட்ரியாட் தவறான இடத்தில் தேடியது. எதுவும் இல்லை என்று விட்டுவிட்டது. ஸ்கட் படைவீரர் தங்குமிடத்தில் விழுந்தது. 28 பேர் இறந்தனர்.

அமைப்பை ஒருமுறை அணைத்துப் போட்டிருந்தால் கடிகாரம் பூஜ்யத்திலிருந்து தொடங்கியிருக்கும். ஒன்றிரண்டு நிமிட வேலை. மிக நீண்ட நேரம் ஓடவிட்டால் குறி விலகும் என்று பிப்ரவரி 21 அன்றே தகவலும் போயிருந்தது. எத்தனை மணி நேரம் என்று மட்டும் அதில் இல்லை.

திருத்திய மென்பொருள் தஹ்ரானுக்கு வந்து சேர்ந்தது பிப்ரவரி 26 அன்று.