250 மொழிகள் இருந்த நாட்டில் மிஞ்சியது 12: ஆஸ்திரேலியாவில் என்ன நடந்தது?

கங்காருவைத் தெரியாதவர் இருக்க முடியாது. ஆனால், அந்தப் பெயர் எந்த மொழிச் சொல் என்று கேட்டால் பலரும் ‘இங்கிலீஷ்தான், வேற என்ன?’ என்பார்கள். உண்மையில் அது ஆஸ்திரேலியாவின் வடகிழக்குக் கரையில் வாழும் பழங்குடி மக்களின் கூகு யிமித்திர் மொழிச் சொல். 1770-ல் கேப்டன் ஜேம்ஸ் குக்கின் கப்பல் பழுதாகி அந்தக் கரையில் சில வாரங்கள் நின்றது. அப்போது அந்த மக்களிடம் கேட்டு எழுதிக்கொண்ட சொல், உலகம் முழுக்கப் பரவிவிட்டது. அதைக் கொடுத்த மொழியைப் பேச இன்று சில நூறு பேர்தான் இருக்கிறார்கள்.

இது ஒரு மொழியின் கதை மட்டுமல்ல.

கணக்கு என்ன சொல்கிறது?

1788-ல் பிரிட்டிஷார் குடியேறத் தொடங்கியபோது ஆஸ்திரேலியாவில் 250-க்கும் மேற்பட்ட பழங்குடி மொழிகள் இருந்தன. 2021 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், 167 பழங்குடி மொழிகளை வீட்டில் பேசுவதாக சுமார் 77 ஆயிரம் பேர் பதிவு செய்தார்கள். ‘167 இருக்கே, பரவாயில்லையே’ என்று தோன்றலாம். ஆனால், 2020-ல் வெளியான தேசிய ஆய்வறிக்கையின்படி, எல்லா வயதினரும் பேசி, குழந்தைகளும் இயல்பாகக் கற்றுக்கொள்ளும் நிலையில் உள்ள பாரம்பரிய மொழிகள் வெறும் 12. மற்றவற்றில் பல, தாத்தா பாட்டிகளோடு நின்றுவிட்டன.

இன்னொரு பக்கம், குடியேறியவர்களின் மொழிகள் வளர்ந்து நிற்கின்றன. அதே கணக்கெடுப்பில் மாண்டரின் பேசுவோர் 6.85 லட்சம், அரபி 3.67 லட்சம், வியட்நாமி 3.2 லட்சம், பஞ்சாபி 2.39 லட்சம். தமிழ் பேசுவோர் சுமார் 95 ஆயிரம். அதாவது, 167 பழங்குடி மொழிகளையும் பேசுவோரைக் கூட்டினாலும், ஆஸ்திரேலியாவில் தமிழ் பேசுவோரின் எண்ணிக்கையைத் தொடவில்லை.

மொழிகள் எங்கே போச்சு?

தானாகச் சாகவில்லை. நிலம் பறிபோனது, படுகொலையிலும் நோயிலும் மக்கள் இறந்தார்கள். 20-ஆம் நூற்றாண்டில், சுமார் 1970 வரை, பழங்குடிக் குழந்தைகள் பெற்றோரிடமிருந்து பிரிக்கப்பட்டு, விடுதிகளிலும் வெள்ளையர் வீடுகளிலும் வளர்க்கப்பட்டார்கள். தாய்மொழியில் பேசினால் பல இடங்களில் தண்டனை. அம்மாவிடமிருந்து குழந்தைக்குப் போகும் வழியிலேயே மொழி வெட்டப்பட்டது. இதற்காக நாடாளுமன்றத்தில் பிரதமர் கெவின் ரட் மன்னிப்புக் கேட்டது 2008-ல்தான்.

வெளியிலிருந்து வருபவர்களைத் தடுக்கவும் மொழியே கருவியானது. 1901 சட்டப்படி, ஒருவரை உள்ளே விட விருப்பமில்லை என்றால் அதிகாரி 50 வார்த்தை ‘டிக்டேஷன்’ வைக்கலாம். எந்த ஐரோப்பிய மொழியில் என்பது அதிகாரியின் இஷ்டம். 1934-ல், ஹிட்லரை எதிர்த்துப் பேச வந்த எகான் கிஷ் என்ற பத்திரிகையாளருக்குப் பல ஐரோப்பிய மொழிகள் தெரிந்திருந்தன. அதனால் அவருக்கு ஸ்காட்டிஷ் கேலிக் மொழியில் பரீட்சை வைத்தார்கள்! அந்த மொழி சட்டம் சொல்லும் ஐரோப்பிய மொழியே இல்லை என்று உயர் நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது. இந்தப் பரீட்சை முறை 1958-ல்தான் ஒழிந்தது.

இப்போது நிலைமை மாறவில்லையா?

குடியேறியவர்களுக்கு நிறையவே மாறியிருக்கிறது. 1973-லிருந்து அரசின் தொலைபேசி மொழிபெயர்ப்புச் சேவை இருக்கிறது. 1975-ல் பல மொழி வானொலி தொடங்கியது. இன்று நியூ சவுத் வேல்ஸிலும் விக்டோரியாவிலும் பள்ளி இறுதித் தேர்வுக்குத் தமிழைப் பாடமாக எடுக்கலாம்.

பழங்குடி மொழிகளுக்குக் கிடைத்ததோ ஒரு அடி முன்னே, ஒரு அடி பின்னே. வடக்குப் பிரதேசத்தில் 1973-ல் இருமொழிக் கல்வி தொடங்கியது. குழந்தை முதலில் தாய்மொழியில் படிக்கும், படிப்படியாக ஆங்கிலம் சேரும். 2008-ல் அங்குள்ள அரசு, தினமும் முதல் நான்கு மணி நேரம் ஆங்கிலத்தில் மட்டுமே பாடம் என்று அறிவித்தது. தேர்வுகளில் மதிப்பெண் குறைவு என்பது சொல்லப்பட்ட காரணம். எதிர்ப்பு வலுத்த பிறகே அந்த உத்தரவு தளர்ந்தது.

‘இங்கிலீஷ் இல்லாம வேலை கிடைக்குமா?’ என்ற கேள்வி நியாயமானதுதான். ஆனால் இருமொழிக் கல்வி ஆங்கிலத்தை விடச் சொல்லவில்லை. யோல்ங்கு மக்களின் யிர்கலா பள்ளி, தன் மொழியை விடாமல் சொல்லிக்கொடுத்தது. 2020-ல் அங்கே படித்த எட்டு மாணவர்கள் பல்கலைக்கழகம் போகத் தேவையான மதிப்பெண்ணோடு 12-ஆம் வகுப்பை முடித்தார்கள்.

இரண்டும் ஒன்றல்ல

குடியேறியவர்களின் மொழியையும் மண்ணின் மொழியையும் ‘பன்மொழிப் பண்பாடு’ என்று ஒரே பையில் போடுவதில்தான் சிக்கல். சிட்னியில் ஒரு தமிழ்க் குடும்பத்தின் மூன்றாம் தலைமுறை தமிழை மறந்தால், பாட்டியோடு பேச முடியாமல் போகும். அந்த வீட்டுக்கு அது பெரிய இழப்பு. ஆனாலும் தமிழ் மதுரையிலும் யாழ்ப்பாணத்திலும் இருக்கும். அடிலெய்டு சமவெளியின் கௌர்னா மொழி அங்கே நின்றுபோனால், அதற்கு வேறு ஊர் கிடையாது.

அது கிட்டத்தட்ட நடந்தும்விட்டது. கௌர்னாவைச் சரளமாகப் பேசிய கடைசி நபராகக் கருதப்படும் இவாரிட்ஜி 1929-ல் இறந்தார். 1840 வாக்கில் இரண்டு ஜெர்மன் பாதிரியார்கள் எழுதிவைத்த இலக்கணமும் சொற்பட்டியலும்தான் மிச்சம். 1990-களில் அந்த மக்களின் வாரிசுகள் மொழியியலாளர்களோடு உட்கார்ந்து, அதிலிருந்து மொழியை மீட்டெடுக்கத் தொடங்கினார்கள். இன்று அடிலெய்டு பூங்காக்களுக்கு கௌர்னா பெயர்கள் உண்டு; வரவேற்பு உரைகளில் அந்த மொழி கேட்கிறது. ஆனால் அது ஏட்டிலிருந்து கற்ற மொழி. எழுதிவைக்க ஆளில்லாமல் போன மொழிகளுக்கு அந்த வாய்ப்பும் இல்லை.

என்ன செய்ய வேண்டும்?

2031-க்குள் பழங்குடி மொழிகளின் எண்ணிக்கையும் வலுவும் கூட வேண்டும் என்று 2020-ல் ஆஸ்திரேலிய அரசுகள் ஒப்பந்தமே போட்டிருக்கின்றன. தீவுக்கும் பூங்காவுக்கும் பழைய பெயரை மீட்பது நல்லது. ஆனால் பெயர்ப் பலகை மொழி பேசாது. பணம் முதலில் போக வேண்டிய இடம் வகுப்பறை: அந்த மொழி பேசும் ஆசிரியர்களுக்குப் பயிற்சியும் நிரந்தர வேலையும், ஆட்சி மாறினாலும் மாறாத இருமொழிக் கல்வியும். அந்த 12 மொழிகளில் ஒன்றுகூடக் குறையாமல் பார்ப்பதே முதல் வேலை.

இதில் அங்குள்ள தமிழர்களுக்கும் பங்கு உண்டு. வார இறுதியில் பிள்ளைகளைத் தமிழ்ப் பள்ளிக்குக் கூட்டிப்போகும் பெற்றோருக்கு, ஒரு மொழியை அடுத்த தலைமுறைக்குக் கடத்துவது எவ்வளவு கஷ்டம் என்று தெரியும். அந்த வகுப்பறை இருக்கும் நிலத்தின் மொழி எது, அதை இப்போது யார் பேசுகிறார்கள் என்று பிள்ளைகளுக்கு ஒரு நாள் சொல்லிக்கொடுக்கலாம். இருமொழிக் கல்விக்காகப் பழங்குடிப் பெற்றோர் குரல் கொடுக்கும்போது, 95 ஆயிரம் பேரின் ஆதரவும் சேர்ந்தால் அரசுக்கு இன்னும் சத்தமாகக் கேட்கும்.