ஜக்கில் கலக்காதீங்க!

இந்தப் பகுதியில் வடாம் பிழிவதிலிருந்து மாமியார், மருமகள் சண்டை வரை எல்லாவற்றையும் எழுதுகிறோம். நான் எழுதப்போவதைப் பார்த்து, "சீ! குடும்பப் பெண்கள் படிக்கிற பக்கத்தில் ரம் சமாசாரமா?" என்று சிலர் முகம் சுளிக்கலாம். சுளித்தாலும் பரவாயில்லை, கடைசி வரை படித்துவிடுங்கள். முன்பெல்லாம் அந்த பாட்டில் மொட்டை மாடியோடு போய்விடும். இப்போது சமையலறைக்கே வந்துவிட்டது. அதைக் கலக்க நம் மிக்ஸியும், நாம் உரித்து வைத்த மாதுளம்பழமும்தான் தேவைப்படுகிறது.

எங்கள் திருமண நாளுக்குக் கொழுந்தனார் குடும்பம் பெங்களூரிலிருந்து வந்திருந்தது. அவருக்கு செல்போனில் வீடியோ பார்த்து எதையாவது செய்து பார்ப்பதில் ஆசை. "அண்ணி, அஞ்சு மாதுளம்பழம் உரிச்சுக் கொடுங்க, புதினா கொஞ்சம் ஆய்ஞ்சு வையுங்க. இன்னைக்கு ஒரு ஸ்பெஷல் ஐட்டம் பண்றேன்" என்றார். நானும் என் ஓர்ப்படியும் அரை மணி நேரம் உட்கார்ந்து முத்து உதிர்த்தோம். ஜூஸ், புதினா, எலுமிச்சை, சர்க்கரை, சோடா எல்லாம் போட்டு, அரை பாட்டில் ரம்மையும் ஒரே ஜக்கில் ஊற்றிக் கலக்கி, ஃபிரிட்ஜில் வைத்துவிட்டு ஆண்கள் மாடிக்குப் போனார்கள். பார்க்க அழகாகத்தான் இருந்தது. சிவப்பு நிறம், மேலே பச்சை இலை, ஐஸ் கட்டி. வாசனையும் புதினா வாசனைதான்.

என் மாமியாருக்கு 71 வயது. பன்னிரண்டு வருடமாகச் சர்க்கரை வியாதி. "ஏங்கண்ணு, மாதுளம்பழ ஜூஸ் இருக்குதாட்ட இருக்குது, ஒரு டம்ளர் குடிச்சுக்கட்டுமா?" என்று கேட்டிருக்கிறார். கேட்டது பத்து வயதுப் பேத்தியிடம். அவளுக்கு என்ன தெரியும்? எடுத்து ஊற்றிக் கொடுத்துவிட்டாள். "இஞ்சி போட்டீங்களாட்ட இருக்குது, காரமா இருக்குது" என்று சொல்லிக்கொண்டே முழு டம்ளரையும் குடித்துவிட்டார். பிறகு, "வயிறு நிறைஞ்சு போச்சு, எனக்கு டிபன் வேண்டாம்" என்று சொல்லி, வழக்கமான சர்க்கரை மாத்திரையைப் போட்டுக்கொண்டு படுத்துவிட்டார்.

ஜக்கில் ஒரு டம்ளர் குறைந்திருப்பதை என் கணவர்தான் கவனித்தார். விசாரித்ததும் விஷயம் வெளியே வந்தது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, அந்த நேரம் எல்லோரும் சிரித்தோம். "அம்மா இன்னைக்கு நல்லாத் தூங்குவாங்க" என்றார் கொழுந்தனார். நானும்தான் சிரித்தேன்.

இரவு ஒரு மணிக்குப் போர்வையைச் சரி செய்யப் போனபோது அத்தையின் ரவிக்கை முழுக்க வியர்வையால் நனைந்திருந்தது. கை நடுங்கியது. கூப்பிட்டால் உளறலாகப் பதில் வந்தது. "போதைதான், விடு, காலைல தெளிஞ்சிடும்" என்றார்கள். எனக்கு மனசு கேட்கவில்லை. வீட்டில் இருந்த மெஷினில் ஒரு சொட்டு ரத்தம் எடுத்துப் பார்த்தேன். 54 காட்டியது! 70-க்குக் கீழே போனாலே தாழ்நிலை என்று டாக்டர் முன்பே சொல்லியிருந்தார். மூன்று டீஸ்பூன் சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துத் தலையைத் தூக்கிப் பிடித்துக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடிக்க வைத்தேன். விழுங்கும் அளவுக்கு நினைவு இருந்தது, பிழைத்தோம். நினைவு இல்லாதவர் வாயில் எதையும் ஊற்றக்கூடாது, மூச்சுக் குழாய்க்குள் போய்விடும், உடனே ஆஸ்பத்திரிக்குத்தான் தூக்கிப் போக வேண்டும். கால் மணி நேரம் கழித்து மறுபடி பார்த்தோம். ஏறியிருந்தது. அப்படியே காரில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய், மறுநாள் மாலை வரை வைத்திருந்து அழைத்து வந்தோம்.

டாக்டர் எங்களுக்குப் புரியும்படி விளக்கினார். நாம் சாப்பிடாமல் இருக்கும்போது ரத்தத்தில் சர்க்கரை இறங்கிவிடாமல் பார்த்துக்கொள்வது கல்லீரல். உள்ளே ஆல்கஹால் போனால் கல்லீரல் அதை வெளியேற்றுவதில் இறங்கிவிடுகிறது, சர்க்கரை தயாரிக்கும் வேலை தடைப்படுகிறது. சில சர்க்கரை மாத்திரைகளும் இன்சுலினும் சாப்பிட்டாலும் சாப்பிடாவிட்டாலும் சர்க்கரையை இறக்கிக்கொண்டே இருக்கும். ஜூஸில் இருந்த இனிப்பு முதலில் கொஞ்சம் ஏற்றிவிடும், பல மணி நேரம் கழித்து இறங்கும்போது எல்லோரும் தூங்கிக்கொண்டிருப்பார்கள். இதில் மோசமானது, சர்க்கரை இறங்கினாலும் தள்ளாட்டம், உளறல், வியர்வை. பார்க்கிறவர்கள் போதை என்று நினைத்து விட்டுவிடுவார்கள். நாங்களும் அப்படித்தான் விட இருந்தோம்.

உடம்பு தேறிவிட்டது. மனசு தேறவில்லை. "உங்க மாமனார் குடிச்ச காலத்துலயும் அந்த டம்ளரை நான் தொட்டுக் கழுவுனதில்ல. எனக்கே கொடுத்துப் போட்டீங்களே" என்று அத்தை அழுதபோது எங்களிடம் பதில் இல்லை. யாரும் வேண்டுமென்று கொடுக்கவில்லைதான். ஆனால் ஒருவரும் 'இதில் ரம் இருக்கிறது' என்று வாய் திறந்து சொல்லவும் இல்லையே!

சகோதரிகளே, குடிப்பது சரியா தவறா என்று பட்டிமன்றம் நடத்த நான் வரவில்லை. என் ஓர்ப்படியும் அன்று அரை டம்ளர் குடித்தாள். தெரிந்து, கேட்டு வாங்கிக் குடித்தாள். அவளை ஏளனமாகப் பார்க்க எனக்கு என்ன உரிமை? ஆண் குடித்தால் 'ஜாலி', பெண் குடித்தால் 'சீரழிவு' என்று பேசுகிறவர்களோடு நான் சேர மாட்டேன். என் வாதம் ஒன்றே ஒன்றுதான். ரம்மை ஜக்கில் ஊற்றாதீர்கள். யார் குடிக்கப் போகிறாரோ அவர் டம்ளரில், அவர் கண் முன்னால், அளந்து ஊற்றட்டும்.

இதற்கு இன்னொரு காரணமும் உண்டு. தனியாகக் குடித்தால் ரம் நாக்கைச் சுடும், போதும் என்று சொல்லும். மாதுளையும் சர்க்கரையும் புதினாவும் சேர்ந்தால் அந்தச் சூடு தெரிவதில்லை. ஜூஸ் மாதிரி இறங்கிவிடுகிறது. நம் நாட்டு ரம்மில் பொதுவாக 42.8 சதவீதம் ஆல்கஹால். எங்கள் வீட்டு ஜக்கில் ஆறு டம்ளர் பிடிக்கும். அதில் போன அரை பாட்டில் 375 மில்லி. கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு டம்ளருக்கு 60 மில்லிக்கு மேல் வருகிறது. ஆண்கள் 'லார்ஜ்' என்கிறார்களே, அதே அளவு. சுமார் 20 கிராம் சுத்த ஆல்கஹால். இரண்டு டம்ளர் 'ஜூஸ்' குடித்தவர் இரண்டு லார்ஜ் குடித்தவர். பெண்கள் உடம்பில் நீரின் அளவு ஆண்களைவிடக் குறைவு என்பதால், அதே அளவு குடித்தாலும் நமக்கு ரத்தத்தில் கூடுதலாகத் தங்கும். மது புற்றுநோயை உண்டாக்கும் பொருள் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சி அமைப்பு 1988-லேயே வகைப்படுத்திவிட்டது. மது உண்டாக்கும் புற்றுநோய்களில் நம் மார்பகப் புற்றுநோயும் அடக்கம். இதெல்லாம் தெரிந்து ஒருத்தி அரை டம்ளர் கேட்டால் அது அவள் முடிவு. தெரியாமல் குடிக்க வைப்பது நம் குற்றம்.

இந்த பானத்துக்கு மூலம் கியூபா நாட்டு மொஹித்தோ. ரம், புதினா, எலுமிச்சை, சர்க்கரை, சோடா. நம் ஆட்கள் மாதுளையைச் சேர்த்துக்கொண்டார்கள். அந்த மொஹித்தோவே டம்ளரில் புதினாவை நசுக்கி அந்த டம்ளரிலேயே கலக்குகிற பானம்தான். ஜக்கில் மொத்தமாகக் கலப்பது நம் சோம்பேறித்தனம்.

ஆகவே இப்போது எங்கள் வீட்டு ஏற்பாட்டைச் சொல்கிறேன். ஜூஸ் என் பொறுப்பு. ஜக் எல்லோருக்கும் பொது. குழந்தை, கர்ப்பிணி, பாட்டி என்று யார் எடுத்தாலும் பயமில்லை.

பெரிய மாதுளம்பழம் ஐந்தை உதிர்த்து, இடையில் உள்ள வெள்ளைத் தோலைச் சுத்தமாக எடுத்துவிடுங்கள். அது கசக்கும். மிக்ஸியில் விட்டு விட்டு இரண்டு மூன்று சுற்று மட்டும் ஓட்டுங்கள். நைசாக அரைத்தால் விதை உடைந்து கசப்பும் துவர்ப்பும் இறங்கிவிடும். டீ வடிகட்டியில் கரண்டியால் அழுத்தி வடியுங்கள். ஒரு கைப்பிடி புதினா இலையைச் சர்க்கரை ஐந்து ஸ்பூனுடன் சேர்த்து மத்தின் அடியால் லேசாக நசுக்கினால் போதும். அரைத்தால் கறுத்துக் கசந்துபோகும். இரண்டு எலுமிச்சம்பழச் சாறு, ஒரு சின்னத் துண்டு இஞ்சிச் சாறு, ஒரு சிட்டிகை இந்துப்பு சேருங்கள். குளிர்ந்த சோடாவைப் பரிமாறும் நேரத்தில்தான் ஊற்ற வேண்டும். ஆறு டம்ளர் வரும். இஞ்சியை விட்டுவிடாதீர்கள். தொண்டையில் 'சுர்' என்று ஏறுகிற அந்த ருசிக்காகத்தான் பலரும் ரம்மைத் தேடுகிறார்கள். சர்க்கரை வியாதிக்காரர்களுக்கு வெறும் ஜூஸே இனிப்புதான், அவர்களுக்கு ஒரு சின்ன கப்போடு நிறுத்துங்கள்.

ரம் வேண்டும் என்கிறவர் பாட்டிலைத் தனியாக வைத்துக்கொள்ளட்டும். 30 மில்லி மூடியால் அளந்து, தன் டம்ளரில் தானே ஊற்றிக்கொள்ளட்டும். அந்த டம்ளர் வேறு நிறமாக இருக்கட்டும். மிச்சத்தை ஃபிரிட்ஜில் வைக்காமல் கொட்டிவிடட்டும். 21 வயது ஆகாத பிள்ளைகளை, "கொஞ்சம் ருசி பார்க்கட்டுமே" என்று அருகில் கூப்பிடக்கூடாது. தமிழ்நாட்டுச் சட்டமே அதை அனுமதிக்கவில்லை. தூக்க மாத்திரை, வலிப்பு மாத்திரை, மயக்கம் தருகிற அலர்ஜி மாத்திரை போடுகிறவர்களிடம் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். நம் வீட்டுக்கு வருகிறவர் என்ன மாத்திரை சாப்பிடுகிறார் என்று நமக்கு எப்படித் தெரியும்?

"வீட்டுக்கு வந்த விருந்தாளிகிட்ட இப்படிக் கண்டிஷன் போட்டா நல்லாவா இருக்கும்?" என்று என் கணவரும் முதலில் தயங்கினார். நான் கேட்டேன்: "சைவம் சாப்பிடறவங்க வந்தா கறிக் கரண்டியைத் தனியா வைக்கறமில்லைங்க? அதுக்கு யாரும் கோவிச்சுக்கறதில்லையே?" அவர் பேசவில்லை. அடுத்த முறை கொழுந்தனார் வந்தபோது அவரே வேறு நிற டம்ளர் வாங்கி வந்தார். "அண்ணி, இந்த நீல டம்ளர் மட்டும் என்னுது" என்று சொல்லி, தானே கழுவியும் வைத்தார். அத்தை அன்று ஜக்கைத் திறந்து முகர்ந்து பார்த்துவிட்டு, என் முகத்தையும் ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் அரை கப் வாங்கிக் குடித்தார்.

அந்தச் சந்தேகப் பார்வை போக இன்னும் நாள் ஆகும். உங்கள் வீட்டில் அப்படி ஒரு பார்வை வராமல் பார்த்துக்கொள்ளுங்கள், சகோதரிகளே. மாதுளம்பழத்தை உரித்துக் கொடுக்கிற கைக்கு, "ஜக்கில் ஊற்ற விட மாட்டேன்" என்று சொல்லவும் உரிமை உண்டு.

- ஒரு வாசகி, கோவை