நிலத்தைக் கொடுத்தவனுக்கு நியாய விலை எங்கே?

சாலை வேண்டும். தொழிற்சாலையும் வேண்டும். இதில் யாருக்கும் சண்டை இல்லை. மதுரையில் பஸ் ஏறினால் சாத்தூர், கோவில்பட்டி, கயத்தாறு என்று நாலு வழிச்சாலையில் பறந்து திருநெல்வேலியில் இறங்கி விடலாம். பயணிக்கு லாபம். லாரிக்காரருக்கு லாபம். கடைக்காரருக்கும் லாபம்.

அந்தச் சாலைக்கு அடியில் கிடக்கிற கரிசல் மண் யாருடையது? அவருக்குக் கிடைத்தது என்ன? கேள்வி அதுதான்.

கோவில்பட்டி, எட்டயபுரம், விளாத்திகுளம் வட்டாரம் மானாவாரி பூமி. ஐப்பசி மழையை நம்பி உளுந்து, பாசி, பருத்தி, மக்காச்சோளம் போடுகிற புஞ்சைக்காடு. மழை ஏமாற்றினால் அந்த வருஷப் பாடு திண்டாட்டம்தான். கோடையில் வந்து பார்க்கிற அதிகாரிக்கு, "வெறும் பொட்டல்தானே" என்ற நினைப்பு வந்து விடுகிறது. விலையும் அந்த நினைப்பிலேயே விழுகிறது!

விலை எப்படிப் போடுகிறார்கள்? அக்கம்பக்கத்தில் பதிவான கிரயப் பத்திரங்களையும், அரசின் வழிகாட்டி மதிப்பையும் பார்த்துத்தான். ஆனால் ஊர் வழக்கம் என்ன? கையில் வாங்குவது ஒரு தொகை. முத்திரைத்தாள் செலவுக்குப் பயந்து பத்திரத்தில் எழுதுவது வேறு தொகை. யாரோ குறைத்து எழுதிய விலை, நிலத்தை விற்கவே நினைக்காத சம்சாரியின் தலையில் வந்து விடிகிறது.

வெள்ளைக்காரன் 1894-ல் போட்ட சட்டத்திலேயே இதற்கு ஒரு மருந்து இருந்தது. மனமில்லாதவனிடம் கட்டாயமாக எடுப்பதால், விலைக்கு மேல் 15 சதவீதம் ஆறுதல் தொகை. 1984-ல் அது 30 சதவீதம் ஆயிற்று. ஆனால் 1997-ல் தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தைத் திருத்தினார்களே, அதில் இந்த ஆறுதல் தொகையே காணாமல் போச்சு! ஒரே காடு. ஆஸ்பத்திரிக்கு எடுத்தால் 30 சதவீதம். நெடுஞ்சாலைக்கு எடுத்தால் பூஜ்யம்.

2013-ம் ஆண்டு புதுச் சட்டம் வந்தது. 2014 ஜனவரி 1 முதல் அமல். கிராமத்து நிலமானால், நகரத்திலிருந்து உள்ள தூரத்தைப் பொறுத்து சந்தை விலையை ஒன்று முதல் இரண்டு மடங்கு வரை பெருக்க வேண்டும். அதற்குச் சமமாக, நூற்றுக்கு நூறு ஆறுதல் தொகையும் சேர்க்க வேண்டும். நெடுஞ்சாலை நிலத்துக்கு இந்தக் கணக்கு வந்தது 2015 ஜனவரி 1 முதல்தான்.

கடைக்காரர் கணக்குப் போட்டுப் பார்க்கட்டும். ஏக்கர் 2 லட்சம் ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். வட்டி நீங்கலாக, 1984 திருத்தப்படி 2 லட்சத்து 60 ஆயிரம். புதுச் சட்டப்படி 4 லட்சம் முதல் 8 லட்சம் வரை. இடைப்பட்ட காலத்தில் நெடுஞ்சாலைக்குக் கொடுத்தவருக்கு? வெறும் 2 லட்சம்!

இந்த ஓரவஞ்சனை செல்லாது என்று 2019 செப்டம்பர் 19-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. ஆறுதல் தொகையும் வட்டியும் கொடு என்றது. தேசிய நெடுஞ்சாலை ஆணையம் விடவில்லை. "இனி எடுக்கிற நிலத்துக்கு மட்டும் என்று சொல்லுங்கள்" என்று கேட்டது. 2025 பிப்ரவரி 4-ல் அதையும் கோர்ட்டு தள்ளி விட்டது. பிறகும் மறு ஆய்வு கேட்டுப் போனது ஆணையம். சுங்கச் சாவடியில் ஒரு ரூபாய் குறைந்தால் வண்டியை விடுவார்களா? சம்சாரிக்குத் தர வேண்டியதற்கு மட்டும் இத்தனை தாமதமா?

மக்களும் விழிப்பாக இருக்க வேண்டும். நெடுஞ்சாலைக்கு நிலம் எடுக்கும் அறிவிப்பு, தமிழ்ப் பத்திரிகையிலும் வர வேண்டும் என்பது சட்டம். அறிவிப்பு வந்த 21 நாளில் ஆட்சேபணை கொடுக்க வேண்டும். விலை போதாது என்றால் நடுவரிடம் முறையிடலாம். தாத்தா பேரில் கிடக்கிற பட்டாவை இப்போதே மாற்றிக்கொள்வது நல்லது. பங்காளித் தகராறு என்றால் பணம் கோர்ட்டுக்குப் போய் உட்கார்ந்து விடும்.

அரசு செய்ய வேண்டியது மூன்று. கல் நடுவதற்கு முன்பே கிராமத்தில் பட்டா முகாம் போட வேண்டும். வழிகாட்டி மதிப்பு, ஊர் விலையை ஒட்டி இருக்க வேண்டும். பல இடங்களில் கலெக்டரே நடுவர். வெள்ளம், தேர்தல், மனு நாள் என்று ஆயிரம் வேலை உள்ளவர் அவர். இந்த வழக்குகளுக்கென்றே தனி நடுவர் வேண்டும்.

விவசாயிகள் சங்கத் தலைவர் நாராயணசாமி நாயுடு 1984 டிசம்பரில் உயிர் விட்டது இதே கோவில்பட்டியில்தான். விளைச்சலுக்கு நியாய விலை கேட்டவர் அவர். இன்று விளைகிற மண்ணுக்கே நியாய விலை கேட்க வேண்டியிருக்கிறது. பிச்சை அல்ல, சட்டம் சொன்ன தொகை. கொடுத்து விட்டுச் சாலை போடட்டும்!