வாசலில் நின்ற வாடிக்கைக்காரர்

1950ம் வருஷத்தில் மற்றெல்லா நாடுகளையும்விட அதிகமான மோட்டார் கார்களை அயல்நாடுகளுக்கு அனுப்பிய தேசம் எது? அமெரிக்கா அல்ல, ஜெர்மனியும் அல்ல, ஜப்பானின் பெயர் அன்று இந்த வியாபாரத்தில் அடிபடவே இல்லை. அந்தத் தேசம் பிரிட்டன். தான் செய்த கார்களில் நான்கில் மூன்று பங்கை அது கப்பலேற்றியது. ஐம்பத்தைந்து வருஷங்கள் சென்றபின், 2005ம் வருஷம் ஏப்ரல் மாதத்தில், பர்மிங்ஹாம் நகரின் லாங்பிரிட்ஜில் ரோவர் தொழிற்சாலை கதவடைத்தது. சுமார் 6,000 பேர் வேலையிழந்தார்கள். ஆஸ்டின், மாரிஸ் என்று உலகறிந்த பெயர்களின் வாரிசு இவ்வாறு மறைந்தது. இந்த வீழ்ச்சியை ஆராய்வது பிறர் துன்பத்தில் மகிழ்வதற்காக அன்று. இதில் நாம் கற்றுக்கொள்ளவேண்டியது நிரம்ப இருக்கிறது.

யுத்தம் முடிந்தபொழுது பிரிட்டன் வெற்றி பெற்ற நாடு. ஆனால் கடன்பட்ட நாடு. உணவுக்கும் எண்ணெய்க்கும் டாலர் தேவைப்பட்டது. ஆகவே, ஏற்றுமதி செய்கிறவர்களுக்கே எஃகு என்று சர்க்கார் விதித்தார்கள். உள்நாட்டார் பெயரைப் பதிவு செய்துவிட்டு வருஷக்கணக்கில் காத்திருந்தார்கள். புதுக் கார் கிடைத்தவர், குறிப்பிட்ட காலம்வரை அதை விற்பதில்லை என்று எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தது. ஏனெனில், ஓட்டிப் பழகிய கார் புதுக் காரைவிட அதிக விலைக்குப் போயிற்று! பெட்ரோல் பங்கீடு 1950 மே மாதத்தில்தான் நீங்கியது. மறு வருஷமே, விலையில் மூன்றில் ஒரு பங்காக இருந்த வரியை மூன்றில் இரண்டு பங்காக உயர்த்தினார்கள்.

இவ்வளவையும் அந்நாட்டு நடுத்தரக் குடும்பங்கள் பொறுத்துக்கொண்டன. 1951ல் ஏழு வீடுகளில் ஒரு வீட்டில்தான் கார் இருந்தது. 1971ல் பாதிக்கு மேற்பட்ட வீடுகளில் இருந்தது. இந்த இருபது வருஷங்களில் அந்த ஜனங்களின் வாழ்க்கையே மாறியது. ரயில் அட்டவணையைப் பார்த்துக் கடற்கரைக்குப் போன குடும்பம், ஞாயிற்றுக்கிழமை காலையில் நினைத்த மாத்திரத்தில் புறப்பட்டது. சாலையோரத்துப் புல்தரையில் கம்பளத்தை விரித்துத் தேநீர் அருந்தியது. 1959ல் லண்டனிலிருந்து வடக்கு நோக்கி எம்1 நெடுஞ்சாலை திறக்கப்பட்டது. ஒரு சிறு காருக்காக அந்த எளிய மனிதன் சீட்டு நாட்டாமல் சேர்த்த பணம் கொஞ்சமல்ல. அவனுடைய பொறுமையைத்தான் முதலாளிகள் தங்கள் மூலதனமாக நினைத்துவிட்டார்கள்.

ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை என்பார்கள். யுத்தத்தில் ஐரோப்பாவின் தொழிற்சாலைகள் சிதைந்து கிடந்தபொழுது, பிரிட்டிஷ் கார் எதுவாயினும் விற்றது. சிலிண்டரின் குறுக்களவை வைத்து வரி போட்ட பழைய முறையினால், ஒடுக்கமான, நீண்ட வீச்சுடைய எஞ்சின்களையே அவர்கள் செய்து பழகியிருந்தார்கள். 1948ன் தொடக்கத்தில் அந்த வரி ஒழிந்தது. பழக்கம் உடனே ஒழியவில்லை. இங்கிலாந்தின் குறுகிய சாலைகளுக்குப் பொருத்தமான கார்கள், ஆஸ்திரேலியாவின் புழுதியிலும் அமெரிக்காவின் நெடுந்தூரப் பாதைகளிலும் திணறின. பழுது பார்க்க உதிரிப் பாகங்கள் கிடைக்கவில்லையென்று வாங்கியவர்கள் முறையிட்டார்கள். விற்றவர்களோ அடுத்த கப்பலுக்குச் சரக்கு ஏற்றுவதில் முனைந்திருந்தார்கள்.

இதே சமயத்தில் ஜெர்மனியில் நடந்ததைக் கவனிக்க வேண்டும். குண்டுவீச்சில் சேதமடைந்த வோல்க்ஸ்வாகன் தொழிற்சாலை, யுத்தத்துக்குப்பின் பிரிட்டிஷ் ராணுவத்தின் பொறுப்பிலேயே இருந்தது. அதை மீண்டும் ஓடச் செய்தவரும் ஐவன் ஹர்ஸ்ட் என்ற பிரிட்டிஷ் மேஜர்தான். பிரிட்டிஷ் மோட்டார் முதலாளிகளோ அந்த வண்டைப் போன்ற காரைப் பார்த்து, இதற்கு எதிர்காலமில்லை என்று ஒதுக்கிவிட்டார்கள். 1948ல் தலைமையேற்ற ஹைன்ஸ் நோர்ட்ஹாப், பழுது பார்க்கவும் பாகங்கள் கொடுக்கவும் முதலில் ஏற்பாடு செய்து, பிறகே அயல்நாட்டில் விற்பது என்று பிடிவாதமாக இருந்தார். 1956ல் மேற்கு ஜெர்மனி பிரிட்டனை முந்தியது. வேண்டாமென்று ஒதுக்கப்பட்ட அந்தக் கார் இரண்டு கோடிக்கு மேல் விற்றது.

பிரிட்டனில் மேதைகள் இல்லையா? இருந்தார்கள். 1948ல் வெளிவந்த மாரிஸ் மைனரை உருவாக்கிய அலெக் இஸிகோனிஸ் அந்த ஊழியத்துக்கே பிறந்தவர். முதலாளி நப்பீல்டு பிரபு அந்தக் காரை வேகவைத்த முட்டை என்று ஏளனம் செய்ததாகச் சொல்லுவார்கள். ஆயினும் பத்து லட்சத்தைத் தொட்ட முதல் பிரிட்டிஷ் கார் அதுவே. 1959ல் அவரே மினியைக் கொடுத்தார். சூயஸ் நெருக்கடியில் பெட்ரோல் மறுபடியும் பங்கீட்டுக்கு வந்ததன் விளைவாகப் பிறந்த கார் அது. எஞ்சினைக் குறுக்காகத் திருப்பி வைத்து, பத்தடி நீளத்துக்குள் நான்கு பேர் உட்கார இடம் செய்தார். உலகத்துச் சிறு கார்கள் பலவும் இன்றுவரை அந்த வழியைத்தான் பின்பற்றுகின்றன.

ஆனால் அந்த மினியின் விலை வரியுட்பட 500 பவுனுக்கும் குறைவு. போர்டு கம்பெனியார் ஒன்றை வாங்கிப் பிரித்துக் கணக்கிட்டு, ஒவ்வொரு மினிக்கும் 30 பவுன் நஷ்டம் என்று கண்டதாகப் பெயர்பெற்ற வரலாறு ஒன்று உண்டு. முதலில் வந்த மினிகளின் தளத்தில் மழைநீர் கசிந்து, உள்ளே இருந்தவர்களின் பாதத்தை நனைத்தது. போர்டு கம்பெனியார் 1962ல் கார்டினாவை வெளியிட்டார்கள். அதில் புதுமை ஒன்றுமில்லை. ஒவ்வோர் உறுப்புக்கும் அடக்க விலை பார்த்து, குடும்பஸ்தனுக்கு வேண்டியதை வேண்டிய விலையில் கொடுத்தார்கள். மேதையின் கார் புகழைச் சம்பாதித்தது. கணக்குப் பிள்ளையின் கார் பணத்தைச் சம்பாதித்தது.

குற்றவாளிக் கூண்டில் யாரை நிறுத்துவது? வேலைநிறுத்தமே காரணம் என்று தொழிலாளரை நிறுத்துவோர் பலர். அடிக்கடி வேலை நின்றது உண்மை. வரியையும் தவணை விதிகளையும் அடிக்கடி மாற்றிய சர்க்காரும் குற்றமற்றவர்களல்ல. இன்று விற்பனையைத் தூண்டி நாளை ஒடுக்கினால், எந்தத் தொழில் திட்டமிட்டு வளரும்? ஆனால் முதற் குற்றவாளி நிர்வாகமே என்பது நமது அபிப்பிராயம். 1952ல் ஆஸ்டினும் மாரிஸும் ஒன்றாயின. பெயர் ஒன்றாயிற்றேயன்றி வேலை ஒன்றாகவில்லை. ஒரே காருக்கு ஆஸ்டின், மாரிஸ், ரைலி, வூல்ஸ்லி என்று நெற்றிச் சின்னத்தை மட்டும் மாற்றி விற்றார்கள். 1968ல் பிரிட்டிஷ் லேலண்டு என்று இன்னும் பெரிதாகச் சேர்த்தார்கள். 1975ல் சர்க்கார் அதை ஏற்க வேண்டியதாயிற்று. நோயாளிகளை ஒரே அறையில் படுக்க வைத்தால் நோய் தீருமா?

இதற்குள் வாசலில் நின்ற வாடிக்கைக்காரர் நகர்ந்துவிட்டார். குளிர்நாட்டில் உஷ்ணக் கருவிக்குக்கூடப் பிரிட்டிஷ் வியாபாரி தனி விலை கேட்டுப் பழகியிருந்தான். எழுபதுகளில் வந்த ஜப்பானியக் கார்களில் ரேடியோவும் சேர்ந்தே இருந்தது. காலையில் சாவியைத் திருகியதும் எஞ்சின் ஓடியது. தசாப்தத்தின் முடிவில், பிரிட்டனில் விற்ற கார்களில் பாதிக்கு மேல் இறக்குமதியானவை.

நம் நாட்டில் நடந்தது என்ன? பிரிட்டன் கைவிட்ட மாரிஸ் ஆக்ஸ்போர்டே இங்கு அம்பாஸிடராகி 2014 வரை உற்பத்தியாயிற்று. ஸ்டாண்டர்டு ஹெரால்டு சென்னையிலேயே தயாராயிற்று. அவை நம் குடும்பங்களுக்கு உழைத்த உழைப்பை நாம் மறக்கவில்லை. ஆனால் காப்பு வரிக்குள்ளே, நாமும் முன்பணம் கட்டி வருஷக்கணக்கில் காத்திருந்தோம், கொடுத்ததை வாங்கிக்கொண்டோம். 1983ல் மாருதி வந்தவுடன் ஜனங்கள் எந்தப் பக்கம் திரும்பினார்கள் என்பதை யாவரும் அறிவர்.

சுதேசித் தொழில் வளரவேண்டும் என்பதில் நமக்கு இரண்டாவது அபிப்பிராயம் இல்லை. இளஞ்செடிக்கு வேலி அவசியம். ஆனால் வேலி செடியைக் காப்பதற்கேயன்றி, செடி வளராததை மறைப்பதற்கன்று. வாங்குவோர் வரிசையில் நிற்பதைக் கண்டு மகிழும் முதலாளி, அவர்கள் வேறு கடை இல்லாமையால் நிற்கிறார்களா, பொருளின் நயத்துக்காக நிற்கிறார்களா என்று தன்னையே கேட்டுக்கொள்ள வேண்டும். லாங்பிரிட்ஜில் வேலையிழந்து வீடு திரும்பியவர்களில் பெரும்பாலோர் அந்தக் கேள்வியைக் கேட்கத் தவறியவர்களல்லர். அதைக் கேட்டிருக்க வேண்டியவர்கள் வேறு. அதன் தண்டனையை அனுபவித்தவர்கள் வேறு. எந்தத் தேசத்திலும் இந்த அநீதி மீண்டும் நிகழாதிருக்க வேண்டுமானால், பொருளை வாங்குகிறவன் பொறுமையாக இருக்கும்பொழுதே விற்பவன் விழித்துக்கொள்ள வேண்டும்.