கிணற்றைக் கேளாமல் வாங்கிய வடி

கோப்பி வடிக்கும் இயந்திரம் ஒன்று எமது அடுக்களைக்கு வந்து இரண்டு ஆண்டுகளாகின்றன. இலண்டனில் வாழும் தங்கை சென்ற முறை ஊருக்கு வந்தபோது, தன்னுடைய உடுபுடைவைகளைக் குறைத்து, பெட்டியின் பெரும்பகுதியை அதற்கே கொடுத்துக் கொண்டுவந்தாள். பல மாதம் இரவு வேலை செய்து சேர்த்த காசில் வாங்கியது என்பதைப் பின்னர் அவள் கணவர் வாயிலாகவே அறிந்தோம்; அவள் வாய் திறக்கவில்லை. அத்தகைய பொருளை எமது கவனக்குறைவினால் ஏறக்குறையக் கொன்றேவிட்டோம். அதுவும் எவ்வாறு? இருபது வருடமாக வன்னீர் மென்னீர் என்று கரும்பலகையிற் சமன்பாடு எழுதிப் பிள்ளைகளை உருப்போட வைத்த நாம், வீட்டிலே அந்தப் பாடத்திற் சித்தியடையாமற் போனோம். வெளிநாட்டுச் சொந்தக்காரரின் அன்பினால் இத்தகைய இயந்திரங்கள் யாழ்ப்பாணத்து வீடுகள் சிலவற்றிலேனும் குடியேறிவிட்டன. ஆதலால், வெட்கத்தைப் பாராமல் நடந்ததைச் சொல்லிவிடுகிறோம்.

எமது ஊர்க் கோப்பி வேறு. கொட்டையோடு மல்லியையும் வறுத்து இடித்த தூளைக் கொதிநீரிலிட்டு, தெளியவிட்டு வடிப்பது. அதற்குப் பொறுமை போதும். 'எஸ்பிரெசோ' எனப்படும் இத்தாலியக் கோப்பிக்கோ பலம் வேண்டும். 1901இல் மிலான் நகரத்து லூயிஜி பெசெரா என்பவர், நீராவியின் தள்ளுகையால் ஒவ்வொரு கோப்பையாக வடித்தெடுக்கும் பொறிக்குக் காப்புரிமை பெற்றார். அதே நகரத்து அக்கிலே காஜியா 1938இல், நீராவியை விடுத்துச் சுடுநீரையே அமுக்கித் தள்ளும் முறைக்குக் காப்புரிமை கோரினார். இன்று வீட்டு மேசையில் வைக்கும் சிறு பொறியும், வளிமண்டல அமுக்கத்தின் ஏறக்குறைய ஒன்பது மடங்கு அமுக்கத்தில், 90 பாகைக்கு மேற்பட்ட வெந்நீரை நெருக்கி அடைத்த தூளினூடாக 25, 30 விநாடிகளிற் செலுத்துகிறது. இதற்காக அதன் வயிற்றினுள்ளே ஒடுங்கிய குழாய்களும் சின்னஞ்சிறு வால்வுகளும் இருக்கின்றன. கேத்தலில் ஒரு மயிர்ப்பருமன் சுண்ணாம்பு படிந்தால் நாம் கவனிப்பதும் இல்லை. இதற்குள்ளே அவ்வளவு படிந்தால் அது மூச்சுத்திணறலாகும்.

இந்த இயந்திரத்துக்கு மாற்றுப் 'பில்ரர்' வேண்டும் என்று கடையிற் கேட்டால் இரண்டு வேறு பொருள்களுள் எதையும் எடுத்து நீட்டக்கூடும். ஒன்று, கோப்பித்தூளை இட்டு அடைக்கும் துளைத்தட்டக் கிண்ணம். அதனை 51, 54, 58 மில்லிமீற்றர் என விட்டம் அளந்தும், ஒற்றைச் சுவரா இரட்டைச் சுவரா என்று பார்த்தும் வாங்கினால் விடயம் முடிந்தது. மற்றையது, நீர்த்தொட்டிக்குள்ளே பொருத்தும் சிறு நீர்வடி. எம்மைக் கெடுத்தது இந்த இரண்டாவது.

இயந்திரத்தோடு வந்த நீர்வடியும், தங்கை கூடவே வைத்த இரண்டும் தீர்ந்தபின், கொழும்புக்கு ஓர் அலுவலாகச் சென்றவிடத்து ஒரு கடையில் மாற்று நீர்வடிகள் கண்டோம். அசல் விலையின் மூன்றிலொரு பங்கு. வடிவம் அச்சொட்டாக அதே வடிவம். வீட்டுக்கு வந்து தொட்டியில் வைத்தோம். 'கிளிக்' என்று பொருந்தியது. இயந்திரத்தின் பொத்தானை அமுக்கிப் புது வடி வைத்தாயிற்று என்று தெரிவித்ததும், சிவப்பு விளக்கு அணைந்தது. நாமும் சிக்கனம் செய்துவிட்டோம் என்ற பெருமிதத்தோடு கோப்பி குடித்தோம். அந்தப் பெருமிதம் ஐந்து மாதம் இருந்தது.

பின்னர் ஒரு காலை அது முனகியது. கோப்பி நூலாக இறங்காமற் சொட்டுச் சொட்டாக விழுந்தது. அடுத்த கிழமை அதுவும் நின்றது. தங்கை வருவதாக எழுதிய நாளுக்கு மூன்று வாரம் இருந்தது.

பழைய மாணாக்கர் ஒருவர் மின்சாதனங்கள் திருத்தும் கடை வைத்திருக்கிறார். அவரிடம் கொண்டுபோனோம். ஒரு வால்வைக் கழற்றி உள்ளங்கையிற் கொட்டினார். வெள்ளை மணலாகக் கொட்டியது. அதில் ஒரு துளி அமிலம் விட்டார், நுரைத்தது. "சேர், இது நுரைக்கும் எண்டு நீங்கள்தானே எங்களுக்குப் படிப்பிச்சனீங்கள்" என்றார். கேலி அன்று, உண்மையான மரியாதையோடுதான் சொன்னார். அதுதான் கூடுதலாகச் சுட்டது. அப்பால் எமது மலிவு நீர்வடியை வாளால் அரிந்து காட்டினார். உள்ளே கருமணிகள் மட்டுமே இருந்தன: உயிர்ப்பூட்டிய கரி.

அந்தக் கரி கெட்ட பொருளன்று. குழாய்நீரிலுள்ள குளோரீன் மணத்தையும் வேறு சில வாசனைகளையும் அது நன்றாகப் பிடித்துக்கொள்ளும். குளோரீன் இட்ட நகரக் குழாய்நீர் மென்மையாயிருக்கும் ஊரில் அதுவே போதுமானதாயிருக்கலாம். ஆனால், நீரிற் கரைந்துள்ள கல்சியத்தை அது தொடவேமாட்டாது. எமக்கு வேண்டியிருந்தது கல்சியத்தைப் பிடிக்கும் வடி. அதற்குள்ளே பிசின்மணிகள் இருத்தல் வேண்டும். மணிகள் கல்சியத்தைத் தம்மிடம் வைத்துக்கொண்டு அதற்கு ஈடாகச் சோடியத்தையோ ஐதரசனையோ நீருக்குக் கொடுக்கும்; மகனீசியத்தைக் கொடுப்பனவும் உண்டு. ஐதரசன் கொடுக்கும் வகை, கல்சியத்தோடு இருகாபனேற்றையும் குறைப்பதால், கொதியிற் சுண்ணாம்பு படிவதை வேரிலேயே தடுக்கிறது. புதிதாயிருக்கும்போது கோப்பிக்குச் சற்றுப் புளிப்பேற்றவும் கூடும். சோடியம் கொடுப்பது படிவைத் தடுக்கும். ஆனால் இருகாபனேற்றை நீரிலேயே விட்டுவிடும். பெட்டியின் மேல் 'நீரை மென்மையாக்கும்' என்றோ 'சுண்ணாம்பைக் குறைக்கும்' என்றோ ஒரு சொல் இல்லையாயின், உள்ளே கரி மட்டும் இருப்பதாகவே கொள்ளவேண்டும். 'நீரைத் தூய்மையாக்கும்' என்பது விற்பவனுடைய சொல். அதனால் ஒன்றும் தெரியவராது.

இனி, எம்மை முற்றாக ஏமாற்றியது கடையன்று, அந்த விளக்கு. இத்தகைய இயந்திரங்களின் விளக்கு நீரைச் சோதிப்பதில்லை. எத்தனை லீற்றர் சென்றது, எத்தனை நாளாயிற்று என்று எண்ணுகிறது, அவ்வளவுதான். அதைவிட மோசம் ஒன்று உண்டு. வடி வைத்திருக்கிறோம் என்று நாம் பொத்தானை அமுக்கியவுடன், பல இயந்திரங்கள் 'சுண்ணாம்பு நீக்குக' என்னும் எச்சரிக்கையைத் தள்ளிப்போட்டுவிடுகின்றன. சிலவற்றில் வடி இருக்கும்வரை அவ்வெச்சரிக்கை வருவதே இல்லை. வடியே இல்லாமல் விட்டிருந்தால் அந்த விளக்கு காலத்தில் எரிந்து எம்மை எழுப்பியிருக்கும். பொய்யான காவற்காரனை வைத்து, இருந்த நாயையும் அவிழ்த்துத் துரத்தியவர் ஆனோம்.

அம்மாவுக்கு இந்த இயந்திரத்தில் ஒருநாளும் பிரியம் இருந்ததில்லை. பழுதான செய்தியைக் கேட்டுவிட்டு, "பருப்பையே அவிய விடாத தண்ணி, உந்த மிசினைச் சும்மா விடுமே?" என்றார். இரசாயனம் படியாத அவருக்குத் தெரிந்தது எமக்கு அடுக்களையில் நினைவு வரவில்லை. யாழ்ப்பாணக் குடாநாட்டின் அடியில் இருப்பது சுண்ணக்கல். ஆண்டு முழுதும் ஓடும் ஆறு எமக்கு இல்லை. மாரிமழை அந்தக் கல்லின் வெடிப்புகளிலும் பொந்துகளிலும் இறங்கி, அதனைக் கரைத்துக்கொண்டே கிணற்றுக்கு வருகிறது. கரைந்து வந்த கல்சியம் இருகாபனேற்று சூடேறியதும் காபனீரொட்சைட்டை விட்டு மீண்டும் கல்லாகிறது. லீற்றருக்கு 300 மில்லிகிராம் தற்காலிக வன்மையுள்ள நீர் என்று வைத்துக்கொண்டு கணக்குப் போட்டுப் பாருங்கள். நாளுக்கு ஒரு லீற்றர் வீதம் ஆண்டொன்றுக்கு 109 கிராம் சுண்ணாம்பு அந்தப் பொறியினூடாகப் பயணஞ் செய்கிறது. பெரும்பங்கு கோப்பையோடு வெளியேறிவிடும்; ஐந்திலொரு பங்கு தங்கினாலும் குழாய்களுக்கு அது போதும், போதும்.

ஆகவே, கடைக்குப் போகுமுன் கிணற்றடிக்குப் போகவேண்டும். வன்மை சோதிக்கும் தாள்கள் சில இயந்திரங்களோடு இலவசமாகவே வருகின்றன; எமது பெட்டியிலும் உறை கிழியாமற் கிடந்தது. ஒரு விநாடி தோய்த்தெடுத்து ஒரு நிமிடம் கழித்துப் பார்த்தோம். நான்கு கட்டங்களும் நிறம் மாறின. அந்தத் தாளின் கணக்கில் அது 21 ஜேர்மன் பாகைக்கு மேல். ஒரு பாகை என்பது லீற்றருக்கு 17.8 மில்லிகிராம் கல்சியங்காபனேற்றுக்குச் சமன். ஆக 370க்கு மேல். கோப்பிக்கு 50 முதல் 175 வரை இருத்தல் நன்று என்பது சிறப்புக் கோப்பிச் சங்கத்தாரின் வழிகாட்டல்.

இந்த எண் கையில் இருந்தால்தான் நீர்வடியின் பெட்டியில் எழுதியிருப்பதற்குப் பொருள் உண்டாகும். '50 லீற்றர்' என்று அச்சிட்டிருப்பது நடுத்தர வன்மையுள்ள நீருக்கு. பிசின்மணி பிடிக்கக்கூடிய கல்சியத்துக்கு ஓர் எல்லை உண்டு. நீரின் வன்மை இரட்டித்தால் லீற்றர் பாதியாகும். எமது கிணற்றுக்கு அசல் வடியே இரண்டு மாதம் தாங்கியிராது என்பது அப்போதுதான் விளங்கிற்று. இயந்திரத்திலும் வன்மைப்படி ஒன்றைக் குறித்துவைக்க இடமிருக்கிறது. நாம் அதனைத் தொட்டதேயில்லை.

பொருத்தம் பற்றி ஒரு சொல். ஒரே நிறுவனத்தின் பொருளென்றாலும் எல்லா வடியும் எல்லாத் தொட்டிக்கும் ஆகா. பிலிப்ஸ் இயந்திரங்களிற் பழையன சில 'பிரிற்றா இன்ரென்சா' வடியையும், புதியன 'அக்குவாகிளீன்' வடியையும் கொள்வன. ஒன்றுக்கு மற்றது பொருந்தாது. ஜூரா நிறுவனத்தின் 'கிளாரிஸ்' வடியில் வெள்ளை, நீலம் என்று வகைகளுண்டு. இயந்திரத்தின் இலக்கத்தைப் பார்த்தே எடுக்கவேண்டும். ஆதலால் இயந்திரத்தின் அடியிலுள்ள இலக்கத்தை எழுதிக்கொண்டு செல்லுங்கள். பழைய வடியைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு உருவம் பார்த்து வாங்குவது நாம் செய்த வேலை.

கிணறு உவர்க்கிணறாயின் இந்தச் சிறு வடிகள் எவையும் உதவா. உப்பின் குளோரைட்டை அப்பிசின் பிடிப்பதில்லை; அது உருக்கையே அரிக்கும். நிலாவரைக் கிணற்றில் மேலே நன்னீரும் ஆழத்தில் உவர்நீருமாக இருப்பதை அறியாதார் யார்? கூடுதலாக இறைத்த கிணறுகளிலும் அதுவே நேர்கிறது. அங்கே 'ஆர். ஓ.' தண்ணீர்தான் வழி. அதையும் தனியே ஊற்றுதல் நன்றன்று. கோப்பி சப்பென்று போகும். உப்பே இல்லாத நீரைச் சில இயந்திரங்களின் உணரி நீரென்று அறியவும்மாட்டாது. கொதித்தாறிய நல்ல கிணற்றுநீர் சிறிது கலந்துகொள்ளலாம்.

எம் வீட்டில் இறுதியாக ஏற்பட்ட ஒழுங்கு இதுதான். அம்மா நாள்தோறும் குடிநீரைக் கேத்தலிற் கொதிக்கவைத்து ஆறவிட்டு மண்பானையில் ஊற்றிவைப்பார். கொதித்தபோதே தற்காலிக வன்மையிற் பெரும்பங்கு கேத்தலின் அடியில் படிந்துவிடும். பானையில் மிச்சம் தெளியும். மேலிருந்து மொண்டு துணியில் வடித்த அந்நீரிற் தாளைத் தோய்த்தால் இரண்டு கட்டமே நிறம் மாறுகிறது. அதையே தொட்டியில் ஊற்றுகிறோம். எஞ்சியதை அசல் வடி கவனித்துக்கொள்கிறது. கேத்தலைத் துப்புரவாக்க ஒரு தேசிக்காய் போதும். இயந்திரத்தைத் துப்புரவாக்கத் தேசிக்காயோ வினாகிரியோ ஊற்றவேண்டாம். வினாகிரியின் மணம் நீங்காது, றப்பர் வளையங்களும் கெடும். அதற்கென்று விற்கும் மருந்தையே பயன்படுத்தி, அவ்வேளை நீர்வடியைக் கழற்றி வேறாக வைக்கவேண்டும். புது வடியை முதலிற் தண்ணீரிலே அமிழ்த்திக் காற்றுக்குமிழி போக்குவதும், சிறிது நீரை வீணாக ஓடவிடுவதும் அவசியம். நனைந்த வடியைக் காயவிடக்கூடாது. இரண்டு மாதத்துக்கு மேல் ஈரத்தில் கிடப்பதிற் கிருமி வளரும் என்பதால், லீற்றர் மிச்சமிருந்தாலும் மாற்றிவிடுவதே முறை.

திருத்தக் கூலியாக மாணாக்கர் வாங்கிய பணம், நாம் மலிவு வடியில் மிச்சம் பிடித்ததைப் போற் பல மடங்கு. அதனையும் அவர் குறைத்தே வாங்கினார்.

தங்கை வந்து இறங்கிய காலையில் முதலிற் கேட்டது அம்மாவின் மல்லிக்கோப்பி. இயந்திரம் அன்று மூலையிற் சும்மா இருந்தது. மறுநாள் விடிய எழுந்து தானே அதனை இயக்கி ஒரு கோப்பை வடித்துக் குடித்துவிட்டு, "அண்ணா, புதுசு போலக் கிடக்குது, வடிவா வைச்சிருக்கிறியள்" என்றாள். அம்மா எம்மை ஒருமுறை பார்த்தார். பின்பு கேத்தலைத் தேய்க்கத் தொடங்கினார்.

உறையில் இன்னும் ஒரு தாள் மிச்சமிருக்கிறது. மாரி பெய்து ஓய்ந்தபின் கிணற்றுநீர் மாறும். அப்போது தோய்த்துப் பார்ப்பதற்காக அதனைப் பஞ்சாங்கத்தின் கார்த்திகை மாத ஏட்டில் வைத்திருக்கிறோம்.