அநாதேசம் போனவர்களின் ஒருநாள் சுற்றுலா

புலம்பெயர்ந்த தமிழர்களின் தமிழ்நாட்டுப் பயணத்துக்கு இப்போது ஓர் ஒழுங்கு வந்துவிட்டது. சென்னையில் பட்டுச்சேலை, பல் வைத்தியம், சொந்தக்காரர் வீடு. அதன்பிறகு “பிள்ளைகளுக்கு எங்கட வரலாற்றைக் காட்டவேணும்” என்ற கடமை. அந்தக் கடமை ஒரே நாளில் முடிந்துவிடுகிறது. குளிரூட்டிய இன்னோவா, சாரதி, அவருக்குப் பேட்டா, ஆங்கிலம் பேசும் வழிகாட்டி, மதியச் சாப்பாடு. காலையில் தஞ்சாவூர், பிறகு கங்கைகொண்ட சோழபுரம், பொழுதுபடத் தாராசுரம். ஐ.நா.வின் யுனெஸ்கோ தஞ்சைக் கோயிலை 1987இலும் மற்ற இரண்டை 2004இலும் உலக மரபுப் பட்டியலில் சேர்த்தது. பட்டியலில் மூன்றும் ஒன்றாக இருப்பதால், ஒரே நாளில் மூன்றையும் பார்த்துவிடலாம் என்று நாம் முடிவு செய்துகொண்டோம்.

இந்தச் சுற்றுலா நம் பிள்ளைகளுக்கு வரலாற்றைக் காட்டவில்லை, மறைக்கிறது என்பதே என் வாதம். அதற்கு முதற் பொறுப்பு வழிகாட்டியோ வண்டிக் கம்பனியோ அல்ல. காசு கொடுக்கும் நாம்.

முதலில் நேரக் கணக்கைப் பாருங்கள். தஞ்சாவூரிலிருந்து கங்கைகொண்ட சோழபுரம் ஏறக்குறைய 70 கிலோமீட்டர். கோயில்கள் பொதுவாக நண்பகலில் நடைசாத்தி மாலை நாலு மணியளவில்தான் திறக்கின்றன. மூன்றையும் ஒரு நாளுக்குள் திணித்தால் நடுவில் மூன்று, நான்கு மணித்தியாலம் எங்கேயாவது கழியவேண்டும். அது பட்டுக்கடையிலும் வெண்கலச் சிலைக்கடையிலும் கழிகிறது. அங்கே சாரதிக்கும் வழிகாட்டிக்கும் ஒரு பங்கு உண்டு என்பது ஊரறிந்தது. அதில் எனக்குக் கோபமில்லை. பேட்டாவில் நூறு ரூபாய் குறைக்கப் பேரம் பேசி, இரவில் அந்த மனிதரை வண்டிக்குள்ளேயே தூங்கவிடுகிற நமக்கு அதைக் கேட்க வாயில்லை. ஆனால் கணக்கைக் கூட்டிப் பார்த்தால், பிள்ளை கோயிலில் நின்ற நேரத்தைவிடக் கடையில் நின்ற நேரம் கூட.

அந்தக் குறைந்த நேரத்தில் பிள்ளை என்ன கேட்கிறது? பெரிய கோயிலின் நிழல் தரையில் விழாது. உச்சியில் இருப்பது 80 டன் எடையுள்ள ஒரே கல். நந்தி வளர்ந்துகொண்டே போனது, ஆணி அடித்து நிறுத்தினார்கள். நிழல் விழும், சாய்ந்த வெயிலில் போய் நின்றால் யாருக்கும் தெரியும். உச்சிக்கல் பல துண்டுகளைப் பொருத்திச் செய்தது என்பதைக் கட்டடக்கலை அறிந்தவர்கள் எழுதிவிட்டார்கள். நந்தி ராஜராஜன் வைத்ததே அல்ல. பல நூற்றாண்டு கழித்து நாயக்கர் காலத்தில் வந்தது. அம்மன் சந்நிதி பாண்டியர் காலத்தது. மராட்டிய மன்னர் சரபோஜி தன் குலவரலாற்றை மராட்டி மொழியில் அதே கோயில் மதிலில் 1803இல் வெட்டிவைத்திருக்கிறார். ஆயிரம் ஆண்டுகளாகப் பல கைகள் தொட்டு வளர்ந்த கோயில் அது. சுற்றுலாவில் அது ஒரே அரசனின் ஒரே நாள் அதிசயமாகச் சுருங்கிவிடுகிறது.

கங்கைகொண்ட சோழபுரத்தில் இடிந்த மதிலைக் காட்டி, படையெடுத்து வந்தவர்கள் அழித்தார்கள் என்று சொல்லிவிட்டுப் போவார்கள். 1836இல் கொள்ளிடத்தின் குறுக்கே கீழணை கட்டுவதற்காக அந்தக் கோயிலின் கற்களைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள் என்பதை யாரும் சொல்வதில்லை. அந்தக் கதையில் வாள் இல்லை, பொறியியலாளர்களும் மாட்டுவண்டிகளும்தான் இருந்திருப்பார்கள். அதனால் அது விற்பனைக்கு உதவாது.

2022இல் ‘பொன்னியின் செல்வன்’ படம் வந்தபிறகு நிலைமை இன்னும் மோசம். கல்கியின் நாவல் தஞ்சைப் பெரிய கோயில் கட்டப்படுவதற்கு வெகுகாலம் முன்பே முடிந்துவிடுகிறது. ஆனால் நம் பிள்ளைகள் கோயில் வாசலில் நின்று வந்தியத்தேவன் எந்த வழியாக வந்தான் என்று கேட்கிறார்கள். வழிகாட்டி கையை நீட்டி ஒரு வழியைக் காட்டுகிறார். அவர் என்ன செய்வார்? கேட்டதைக் கொடுப்பது அவர் தொழில்.

இத்தனைக்கும் அந்தக் கோயில் ஊமையல்ல. தன்னைப் பற்றித் தானே இவ்வளவு பேசிய வேறு கட்டடம் தமிழர்களிடம் இல்லை. தான் கொடுத்தது, தன் அக்கா குந்தவை கொடுத்தது, தன் மனைவியர் கொடுத்தது, மற்றவர்கள் கொடுத்தது எல்லாவற்றையும் கல்லில் வெட்டச் சொன்னான் ராஜராஜன். வெட்டினார்கள். விளக்கு ஒன்றுக்கு 96 ஆடு, அதற்கு நாளுக்கு ஓர் உழக்கு நெய் என்று கணக்கு இருக்கிறது. நட்டுவம் செய்தவர், குடை பிடித்தவர், விளக்கேற்றியவர், தண்ணீர் தெளித்தவர், வண்ணார், நாவிதர், தையற்காரர், தட்டார் எல்லோருக்கும் எத்தனை பங்கு நெல் என்று இருக்கிறது. சோழநாட்டின் பல கோயில்களிலிருந்து கொண்டுவந்த 400 தளிச்சேரிப் பெண்களின் பெயர் இருக்கிறது. ஒவ்வொருத்தியும் எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தாள், எந்தத் தெருவில், எந்தச் சிறகில், எத்தனையாவது வீடு, ஆண்டுக்கு 100 கலம் நெல். விருப்பப்பட்டு வந்தார்களா, வேறு வழியில்லாமல் வந்தார்களா என்று கல் சொல்லாது. ஆனால் ஊரைவிட்டுப் பெயர்த்துக் கொண்டுவரப்பட்ட 400 பெண்களின் முகவரிப் பட்டியல் முன்னால் நின்று, நம் பிள்ளைகள் முதுகைக் காட்டிச் செல்ஃபி எடுக்கிறார்கள்.

ஈழத்திலிருந்து வந்தவர்களுக்கு அந்தச் சுவரில் தனியாக ஒரு செய்தியும் உண்டு. ஈழத்து ஊர்கள் சில தஞ்சைக் கோயிலுக்கு நெல்லும் காசும் செலுத்தவேண்டும் என்று ஒரு கல்வெட்டுக் கூறுகிறது. வழிகாட்டி நம் பேச்சைக் கேட்டு நாம் எங்கிருந்து வந்தோம் என்று கண்டுபிடித்து, “உங்க இலங்கையும் நம்ம சோழன்கிட்டதான் இருந்துச்சு” என்று சிரிப்பார். நாமும் பூரித்துப்போவோம். அந்த நெல்லை விளைவித்தவன் யார், அதை அளந்தபோது அவன் பூரித்தானா என்று கேட்கத் தோன்றாது.

தாராசுரத்தில் ஒரு துவாரபாலகர் சிலை இருந்தது. இப்போது தஞ்சை அரண்மனைக் கலைக்கூடத்தில் நிற்கிறது. சாளுக்கியரின் கல்யாணபுரத்தை அழித்து முதலாம் ராஜாதிராஜன் அங்கிருந்து கொண்டுவந்தது என்று அதன் பீடத்திலேயே தமிழில் வெட்டியிருக்கிறது. 1981இல் யாழ்ப்பாண நூலகத்தை எரித்ததை நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகும் நாம் மறக்கவில்லை, மறக்கவும் கூடாது. அப்படிப்பட்ட நாம், இன்னொருவன் நகரத்தை அழித்துத் தூக்கிவந்த கல்லின் முன் என்ன சொல்லவேண்டும்? பெருமை என்ற ஒரே சொல்லோடு பிள்ளையைத் திருப்பி அனுப்பினால், அடிபட்டவன் நினைவும் அடித்தவன் கர்வமும் ஒரே மனதில் ஒன்றையொன்று தெரியாமல் குடியிருக்கும். ஒரு நாட்டின் சிறுபான்மையாக வாழப்போகிற பிள்ளைக்கு அது நல்ல சீதனம் அல்ல.

எதிர்வாதங்கள் எனக்குத் தெரியும். இரண்டு கிழமைதான் லீவு. அம்மாவுக்கு முழங்கால் வலி, வண்டி இல்லாமல் முடியாது. பிள்ளைகளுக்கு வெயில் ஒத்துவராது. ஒன்றும் பார்க்காமல் வருவதைவிட இது மேல் இல்லையா?

வண்டியை யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. வயதானவர்களையும் குழந்தைகளையும் கூட்டிக்கொண்டு போக வண்டி நல்ல ஏற்பாடு. எனக்குப் பிரச்சினை அந்த வண்டிக்கு நாம் கொடுக்கும் பட்டியல். மூன்றில் இரண்டை வெட்டுங்கள். நேரம் தானாகக் கிடைக்கும். அதிகாலை ஆறரைக்குப் போனால் வெயிலும் இல்லை, கூட்டமும் இல்லை. வெயில் ஏறும்போது அறைக்குத் திரும்பி அம்மாவைப் படுக்கவிடலாம். மாலையில் மறுபடி வந்தால், விழாத நிழல் எவ்வளவு நீளமாக விழுந்திருக்கிறது என்று பிள்ளையே அடி வைத்து அளக்கலாம்.

பிள்ளைகளுக்குச் சலிக்கும் என்பது நாம் கட்டிய கதை. சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் எழுத்துப் படித்த எந்தப் பிள்ளையையும் விமானத்தின் அதிட்டானத்துக்குப் பக்கத்தில் நிறுத்திப் பாருங்கள். ட, ப, ம, வ எழுத்துகள் ஆயிரம் ஆண்டுகளில் அடையாளம் தெரியாமல் மாறிவிடவில்லை. புள்ளி பெரும்பாலும் இருக்காது, கிரந்த எழுத்து நடுவில் வரும், சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. அரை மணித்தியாலம் தடவித் தடவி ஒரு சொல்லைக் கண்டுபிடித்த பிள்ளைக்கு, அந்தச் சொல் தன்னுடையது. கல்வெட்டு வாசகங்கள் ‘தென்னிந்தியக் கல்வெட்டுகள்’ இரண்டாம் தொகுதியில் அச்சாகி நூறாண்டுக்கு மேலாகிறது. ஒரு பக்கத்தை நகலெடுத்துக் கையில் கொடுத்தால் போதும். சனிக்கிழமைகளில் எதற்காகத் தமிழ் படிக்கவேண்டும் என்ற கேள்விக்கு நாம் இதுவரை சொன்ன எந்தப் பதிலையும்விட அது நல்ல பதில்.

“எங்களுக்கே கல்வெட்டு வாசிக்கத் தெரியாதே” என்பீர்கள். அதற்கு ராஜராஜனே வழி சொல்லியிருக்கிறான். தளிச்சேரிப் பெண்களின் பட்டியல் இருக்கும் கல்வெட்டில் ஒரு விதி வருகிறது. பங்கு பெற்றவர் செத்துப்போனாலோ ‘அநாதேசம்’ போய்விட்டாலோ, அந்தப் பங்கு அடுத்த உரிமைக்காரருக்குப் போகும். அவர் பணிக்குத் தகுதியில்லாதவரானால், தகுதியுள்ள ஒருவரை அமர்த்திப் பணியைச் செய்விக்கவேண்டும். அநாதேசம் என்றால் வேற்று நாடு. போகிறவர்கள் போவார்கள் என்று அன்றைக்கே தெரிந்திருக்கிறது. அவர்களைத் திட்டவில்லை. ஆனால் உரிமை பிறப்பால் வந்தாலும், பணி நடந்தாகவேண்டும் என்பதில் விட்டுக்கொடுக்கவும் இல்லை.

நாமும் அதையே செய்யலாம். தமிழ்நாட்டில் கல்வெட்டுப் படிப்பு முடித்து, சரியான வேலையில்லாமல் இருக்கும் இளைஞர்கள் உண்டு. அடுத்த முறை வண்டி பேசும்போது, “மூன்று கோயில் வேண்டாம், ஒரு கோயில் போதும், கல்வெட்டு வாசிக்கத் தெரிந்த ஒருவர் வேண்டும்” என்று கேளுங்கள். கிடைக்காது என்பார்கள். திரும்பவும் கேளுங்கள். ஐம்பது குடும்பம் கேட்டால் ஆள் வருவார். ஆங்கிலத்தில் அதிசயம் சொல்லும் வழிகாட்டியை உண்டாக்கியது நம் டொலர்தான். வாசிப்பவரை உண்டாக்கவும் அதனால் முடியும். பட்டுக்கடையில் கழியும் மத்தியானக் காசு அவருக்குப் போகட்டும், சாரதிக்குத் தூங்க ஓர் அறையும் கிடைக்கட்டும்.